வராமையால் தள்ளுபடியான சொத்து மேல்முறையீடு: எந்த வழியில் திரும்புவது?

"மேல்முறையீட்டாளர் அழைக்கப்பட்டும் ஆஜராகவில்லை; மேல்முறையீடு தள்ளுபடி செய்யப்படுகிறது." விசாரணை நீதிமன்றத்தில் தோற்று, மேல்முறையீட்டுக்குக் கட்டணம் செலுத்தி, முறை வரும்வரை வாய்தா வாய்தாவாகக் காத்திருந்த ஒருவருக்கு இப்படி ஒரே வரியில் முடிவு வந்துசேர்வது நம் நீதிமன்றங்களில் புதிதல்ல. அவருடைய கிரயப் பத்திரத்தைப் பற்றியோ, அனுபோகத்தைப் பற்றியோ, சாட்சியத்தைப் பற்றியோ அந்த உத்தரவில் ஒரு சொல்லும் இராது. ஆனாலும் கீழ்நீதிமன்றத்தின் தீர்ப்பாணை, அதாவது தீர்ப்பின் முடிவைக் கூறும் ஆணை, அப்படியே நிலைத்துவிடுவதால், விளைவு ஆராய்ந்து தோற்கடித்ததற்கு நிகராகிவிடுகிறது. 1966-ல் உச்ச நீதிமன்றம் இதைத் தெளிவாகவே சொன்னது: மேல்முறையீடு காலங்கடந்தது என்றோ, உரிய நடவடிக்கை எடுக்கப்படவில்லை என்றோ தள்ளுபடியானாலும், கீழ்நீதிமன்றத்தின் முடிவு இறுதியானதாகி, அதே பிரச்சினையை மறுபடி எழுப்பத் தடையாக நிற்கும்.

இந்த நிலையில் இருப்பவருக்கு ஐந்து வழிகள் கண்ணில் படும். மேல்முறையீட்டை மீண்டும் கோப்பில் எடுக்கக் கோரலாம், அது மறுக்கப்பட்டால் அந்த மறுப்பை எதிர்த்து உயர் நீதிமன்றம் செல்லலாம், சில சமயங்களில் நேரடியாக இரண்டாம் மேல்முறையீடு செய்யலாம், எதிர்த்தரப்போடு சமரசம் பேசலாம், விட்டுவிடவும் செய்யலாம். இவற்றுள் எது பொருந்தும் என்பதைத் தள்ளுபடி உத்தரவின் வாசகமும், அதன்பின் கழிந்த நாட்களும்தான் பெரும்பாலும் முடிவு செய்கின்றன. ஆகவே எந்த மனுவையும் எழுதத் தொடங்குமுன் உத்தரவைப் படித்தாக வேண்டும். மின்நீதிமன்றச் செயலியில் ஒவ்வொரு வழக்குக்கும் தனியே தரப்படும், 16 எழுத்தெண்கள் கொண்ட சி.என்.ஆர். எண்ணை இட்டால் வழக்கின் நிலையைப் பார்த்துவிடலாம் என்பது உண்மைதான். ஆனால் அங்கே காணும் ஒற்றைச் சொல், எந்தக் காரணத்துக்காகத் தள்ளுபடி என்பதை எப்போதும் சொல்லிவிடாது. உத்தரவின் நகலுக்கு விண்ணப்பித்துவிட்டு, நீதிமன்றத்தின் அன்றாட வழக்குப் பதிவேடான ஏ டைரிக் குறிப்பையும் வழக்கறிஞர் மூலம் பார்த்துக்கொள்வதே நம்பத்தக்கது.

உத்தரவு நான்கு வகையில் ஒன்றாக இருக்கும். அழைத்தபோது ஆஜராகாததற்காக உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் கட்டளை 41 விதி 17-ன் கீழோ, முதற்கட்ட விசாரணை நாளில் வராததற்காக அதே கட்டளையின் விதி 11(2)-ன் கீழோ பிறப்பித்தது முதல் வகை. "இத்தனை நாளுக்குள் பேட்டா (எதிர்த்தரப்புக்கு அறிவிப்பு அனுப்புவதற்கான கட்டணம்) கட்டாவிட்டால் தானாகவே தள்ளுபடியாகும்" என்பது போன்ற நிபந்தனையை நிறைவேற்றாததால் விளைந்தது இரண்டாவது. தரப்பினர் ஒருவர் இறந்து, வாரிசுகளைச் சேர்க்காததால் மேல்முறையீடு அற்றுப்போனது மூன்றாவது. யாரும் வாதிடாத நிலையிலும் நீதிபதி ஆவணங்களைப் படித்து வழக்கின் தகுதியைப் பற்றி, அதாவது யார் பக்கம் நியாயம் என்பதைப் பற்றி, தீர்ப்பெழுதிவிட்டது நான்காவது. இந்த நான்கையும் "டீஃபால்ட்டில் போய்விட்டது" என்று பொதுவாகச் சொல்லிவிடுவது வழக்கம். அந்தப் பொதுச்சொல்லை நம்பிக்கொண்டு தவறான மனுவைப் போட்டுவிட்டு, அது செல்லாது என்று தெரிவதற்குள் சரியான மனுவுக்குரிய காலத்தை இழந்தவர்கள் உண்டு என்பதால்தான் இந்தப் பிரிவினையை இவ்வளவு அழுத்திச் சொல்கிறேன்.

முதல் வகையில் தேர்வு எளிது. கட்டளை 41 விதி 19-ன் கீழ், தள்ளுபடி செய்த அதே நீதிமன்றத்தில், மேல்முறையீட்டை மீளச் சேர்க்கக் கோரும் மனுவே முதல் வழி. அழைத்தபோது ஆஜராக முடியாமல் போனதற்குப் போதிய காரணம் இருந்தது என்று மெய்ப்பித்தால், நீதிமன்றம் மீளச் சேர்த்தாக வேண்டும் என்றே அந்த விதி பேசுகிறது. எதிர்த்தரப்புக்குத் தரவேண்டிய செலவுத்தொகை முதலான நிபந்தனைகளை விதிப்பதில்தான் அதற்கு விருப்புரிமை. மேல்முறையீட்டுக்குச் செலுத்திய மதிப்புவாரிக் கட்டணத்தை மறுபடி செலுத்த வேண்டியதில்லை. கோப்பும் அதே நீதிமன்றத்தில் இருப்பதால் செலவு குறைவு. அன்று காலை தள்ளுபடியானதை வழக்கறிஞர் அன்றே அறிந்து, எதிர்த்தரப்பு வழக்கறிஞரையும் வைத்துக்கொண்டு நீதிபதியிடம் முறையிட்டால், மனு ஏற்கப்படும் வாய்ப்பு வேறெந்த நாளையும்விட அதிகம்.

இந்த மனுவுக்குக் காலவரையறைச் சட்டம், 1963-ன் அட்டவணையில் உறுப்பு 122 தரும் காலம் 30 நாள். அது தள்ளுபடியான நாளிலிருந்து ஓடுகிறது. உத்தரவு தெரியவந்த நாள் இங்கே கணக்கில் வராது. மார்ச் 3 அன்று தள்ளுபடியாகியிருந்தால், அந்த நாளை நீக்கிக் கணக்கிட்டு, ஏப்ரல் 2 கடைசி நாளாகும். இங்கே பலர் தடுமாறும் ஓர் இடம் உண்டு. மேல்முறையீட்டுக்கும் சீராய்வுக்கும் மறுஆய்வுக்கும் காலத்தைக் கணக்கிடும்போது உத்தரவின் நகல் பெறச் செலவான நாட்களைக் கழித்துக்கொள்ளலாம் என்று 12-ஆம் பிரிவு சொல்கிறது. மீளச் சேர்க்கும் மனு அந்தப் பட்டியலில் இல்லை. எனவே நகல் வரட்டும் என்று காத்திருப்பது காலத்தைத் தின்னும் செயல். நகலுக்கு விண்ணப்பித்த ரசீதோடு மனுவைத் தாக்கல் செய்துவிட்டு, நகலைப் பின்னர் சேர்ப்பதே பாதுகாப்பானது. கடைசி நாள் மே மாதக் கோடை விடுமுறைக்குள் விழுந்தால் மட்டும், 4-ஆம் பிரிவின்படி நீதிமன்றம் திறக்கும் நாளில் தாக்கல் செய்யலாம்.

போதிய காரணம் எது என்பதற்குச் சட்டத்தில் பட்டியல் கிடையாது. நோய், விபத்து, குடும்பத்தில் இறப்பு, வழக்கு வேறு நீதிமன்றத்துக்கு மாற்றப்பட்டதை அறியாமை, வாய்தா தேதியைத் தவறாகக் குறித்தது ஆகியவை வழக்கமாக ஏற்கப்படும் காரணங்கள். காரணத்தைவிட அதற்கான ஆதாரமே முக்கியம் என்பது என் கருத்து. வழக்கறிஞர் வேறொரு நீதிமன்றத்தில் வாதிட்டுக்கொண்டிருந்ததால் வரமுடியவில்லை என்றால், அந்த வழக்கின் எண்ணையும் நீதிமன்றத்தையும் குறிப்பிட்டு வழக்கறிஞரே தனி வாக்குமூலம் தரவேண்டும். குமாஸ்தா தேதியைத் தவறாகக் குறித்திருந்தால், அந்த டைரிப் பக்கத்தின் நகலோடு குமாஸ்தாவின் வாக்குமூலம் வேண்டும். "எனக்கு உடல்நலமில்லை" என்று ஒரே வாக்கியத்தில் முடியும் உறுதிமொழிப் பத்திரம் எதிர்த்தரப்பின் ஒரு கேள்விக்கும் தாங்காது.

வழக்கறிஞரின் தவறால் கட்சிக்காரர் பாதிக்கப்படலாமா என்ற கேள்வி இங்கே தவறாமல் எழும். 1981-ல் உச்ச நீதிமன்றம், ஒரு மேல்முறையீடு வழக்கறிஞர் வராததால் தள்ளுபடியாகி, அதை மீட்க உயர் நீதிமன்றமும் மறுத்த வழக்கில், கிராமத்துக் கட்சிக்காரர் வழக்கறிஞரை அமர்த்திக் கட்டணமும் கொடுத்தபின் அவர் நீதிமன்றத்துக்கு வருகிறாரா என்று பின்தொடர்ந்து பார்த்துக்கொண்டிருக்க முடியாது என்று கூறி மேல்முறையீட்டுக்கு உயிர் கொடுத்தது. எதிர்த்தரப்புக்குரிய செலவுத்தொகையையும் வராத வழக்கறிஞரிடமிருந்தே வசூலிக்கச் சொன்னது. இந்தத் தீர்ப்பை மட்டும் மேற்கோள் காட்டி மனுவை முடித்துவிடுவோர் பலர். ஆனால் 1993-ல் அதே நீதிமன்றம், ஒரு தனியார் நிறுவனம் தன் வழக்கறிஞர்மீது பழிபோட்டு வந்தபோது, அப்படியொரு பொதுவிதி எதுவும் இல்லை, வழக்கறிஞர் கட்சிக்காரரின் முகவரே என்று கூறி நிவாரணம் மறுத்தது. இரண்டையும் சேர்த்துப் படித்தால், மனுதாரர் யார், நீதிமன்ற நடைமுறையை எவ்வளவு அறிந்தவர், எத்தனை முறை வழக்கறிஞரைத் தொடர்புகொள்ள முயன்றார் என்பவையே எடைபோடப்படுகின்றன என்பது விளங்கும். பணம் அனுப்பிய ரசீது, தொலைபேசிப் பதிவு, அனுப்பிய கடிதம் ஆகியவை இந்த இடத்தில் மேற்கோள்களைவிடப் பெரிய துணை. கட்சிக்காரரிடமிருந்து தகவல் இல்லை என்று சொல்லி வழக்கறிஞர் விலகிக்கொண்டதால் வழக்கு போயிருந்தால், கட்சிக்காரருக்குத் தனி அறிவிப்பு அனுப்பியிருக்க வேண்டும் என்று 1998-ல் உச்ச நீதிமன்றம் சொன்னதையும் எடுத்துவைக்கலாம்.

30 நாள் கடந்துவிட்டால் அதே மனுவோடு, காலவரையறைச் சட்டத்தின் 5-ஆம் பிரிவின்கீழ், தாமதத்தை மன்னிக்கக் கோரும் மனுவும் சேரவேண்டும். நடைமுறையில் பெரும்பாலான போராட்டம் நடப்பது இங்கேதான். தாமதத்தை எவ்வளவு நாள் வரை மன்னிப்பார்கள் என்பதே கட்சிக்காரர்கள் முதலில் கேட்கும் கேள்வி. அதற்கு எண்ணில் விடை கிடையாது. 1987-ல் காஷ்மீரின் அனந்த்நாக் நிலமெடுப்பு வழக்கில், தாமதம் செய்வதால் யாருக்கும் ஆதாயமில்லை, நுட்பக் காரணத்தைவிட நியாயமே முதன்மை என்ற தாராளப் போக்கை உச்ச நீதிமன்றம் வகுத்தது. நம் சென்னை உயர் நீதிமன்றத்திலிருந்து சென்று 1998-ல் தீர்க்கப்பட்ட ஒரு சொத்துரிமை வழக்கு இன்னும் பொருத்தமானது. அதில் ஒருதலைப்பட்சத் தீர்ப்பை (ஒரு தரப்பு வராத நிலையில் வழங்கிய தீர்ப்பை) நீக்கக் கோரிய மனு வராமையால் தள்ளுபடியாகி, அதை மீட்க வந்தபோது 883 நாள் தாமதம். வழக்கறிஞர் மனுவைக் கவனிக்காமல் விட்டிருந்தார். அதற்காக நுகர்வோர் மன்றம் அவரை 50,000 ரூபாய் இழப்பீடு தரச் சொல்லியிருந்தது. தாமதத்தின் நீளம் பொருட்டன்று, விளக்கம் ஏற்கத்தக்கதா என்பதே அளவுகோல் என்று கூறிய உச்ச நீதிமன்றம், எதிர்த்தரப்புக்கு 10,000 ரூபாய் தரும் நிபந்தனையோடு தாமதத்தை மன்னித்தது.

இந்தத் தீர்ப்பைப் படித்து நிம்மதியடைபவர் 2024 ஏப்ரலில் வந்த மற்றொரு தீர்ப்பையும் படிக்கவேண்டும். நிலமெடுப்பு இழப்பீட்டு வழக்கில் 5,659 நாள் தாமதமாக வந்த மேல்முறையீட்டை ஏற்க மறுத்த உச்ச நீதிமன்றம், காலவரையறை பொதுநலனின் பொருட்டு எழுந்த சட்டம், தாராளப் போக்கு என்பது அந்தச் சட்டத்தையே இல்லாமலாக்கும் அளவுக்குப் போகக்கூடாது என்றது. தாமதத்தை மன்னிக்கும்போது வழக்கின் தகுதியைப் பார்க்க வேண்டியதில்லை என்றும் சொன்னது. இந்தக் கடைசிக் கருத்து மனு எழுதுவோருக்கு நேரடியாகப் பயன்படுவது. தாமத மனுவின் பத்துப் பக்கத்தில் எட்டுப் பக்கம், நிலம் எப்படித் தன் தாத்தாவுக்கு வந்தது என்று விவரிப்பதை நான் கண்டிருக்கிறேன். நீதிபதி தேடுவதோ கடைசி இரண்டு பக்கத்தில் இருக்கவேண்டிய தேதிகளை. தள்ளுபடியான நாள், அது தெரியவந்த நாள், எப்படித் தெரிந்தது, தெரிந்த அன்றிலிருந்து தாக்கல் செய்த நாள் வரை என்ன நடந்தது என்பவை வரிசையாக இருந்தால் நீண்ட தாமதமும் பிழைக்கக்கூடும். அவை இல்லாவிட்டால் நாற்பது நாள் தாமதமும் பிழைக்காது. தீர்ப்பாணையை நிறைவேற்றக் கோரி எதிர்த்தரப்பு போடும் நிறைவேற்றுகை மனுவின் அறிவிப்பு வீட்டுக்கு வந்தபிறகுதான் தள்ளுபடியே தெரிந்தது என்பது அடிக்கடி சொல்லப்படும் காரணம். அது உண்மையானால் அந்த அறிவிப்பின் தேதியே மிக வலுவான சான்று. அது பொய்யானால் அதே ஆவணம் மனுவை வீழ்த்தும், ஏனெனில் அறிவிப்பு கையில் சேர்க்கப்பட்ட நாள் நீதிமன்றக் கோப்பில் இருக்கிறது.

மறுப்பு வந்துவிட்டால் அடுத்த வழி, எது மறுக்கப்பட்டது என்பதைப் பொறுத்துப் பிரிகிறது. மீளச் சேர்க்கும் மனுவே தள்ளுபடியானால், கட்டளை 43 விதி 1-ன் (t) உட்பிரிவின்படி உரிமையியல் பல்வகை மேல்முறையீடு, அதாவது சி.எம்.ஏ., உண்டு. சார்பு நீதிமன்றமோ மாவட்ட நீதிமன்றமோ மேல்முறையீட்டு அதிகாரத்தில் பிறப்பித்த உத்தரவு என்பதால், உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 106-ஆம் பிரிவின்படி (இனி வெறும் பிரிவு எண் வரும் இடங்கள் இந்தச் சட்டத்தையே குறிக்கும்) அது உயர் நீதிமன்றத்துக்கே செல்லும். காலம் 90 நாள். ஆனால் தாமத மனு மட்டும் தள்ளுபடியாகி, அதனால் மீளச் சேர்க்கும் மனு கோப்பிலேயே ஏறாமல் போயிருந்தால், பெரும்பாலும் சீராய்வு மனுதான், சி.ஆர்.பி.தான், வழி. சி.எம்.ஏ.யில் உயர் நீதிமன்றம் காரணத்தின் உண்மையையும் மறுபடி எடைபோடும். சீராய்விலோ அதிகார வரம்பு மீறலும் வெளிப்படையான அநீதியுமே கண்ணில் படும். ஆகவே வாய்ப்பு இருக்கும்போது சி.எம்.ஏ.யை விட்டுச் சீராய்வுக்குப் போவது பலவீனமான படியைத் தேர்வது. அந்த சி.எம்.ஏ.வும் தோற்றால், 104-ஆம் பிரிவின்படி அதற்கு மேலொரு மேல்முறையீடு கிடையாது. அரசியலமைப்பின் உறுப்பு 136-ன்படி உச்ச நீதிமன்றத்தின் சிறப்பு அனுமதி மட்டுமே மிச்சம்.

இரண்டாம் மேல்முறையீட்டைப் பற்றிய குழப்பத்தையும் இங்கே தீர்த்துவிடவேண்டும். வராமையால் தள்ளுபடி செய்யும் உத்தரவு தீர்ப்பாணை ஆகாது என்று 2(2)-ஆம் பிரிவே கூறுவதால், அதை எதிர்த்து 100-ஆம் பிரிவின்கீழ் இரண்டாம் மேல்முறையீடு கிடையாது. ஆனால் மேலே சொன்ன நான்காம் வகையில் நிலைமை வேறு. மேல்முறையீட்டாளர் வராதபோது தகுதியின் அடிப்படையில் தள்ளுபடி செய்ய அதிகாரமில்லை என்று விதி 17-க்கு 1976-ஆம் ஆண்டுத் திருத்தத்தால் சேர்த்த விளக்கம் தெளிவாகச் சொல்கிறது. அது 1977 பிப்ரவரி 1 முதல் நடைமுறையில் உள்ளது. 1996-லும் 2012-லும் உச்ச நீதிமன்றம் இதை வலியுறுத்தி, தகுதியைத் தொட்ட தீர்ப்புகளை நீக்கியிருக்கிறது. அப்படியிருந்தும், பழைய வழக்கை முடித்துவிடவேண்டும் என்ற நல்லெண்ணத்தாலேயே சில நீதிபதிகள் ஆவணங்களைப் படித்துப் பக்கம் பக்கமாக எழுதி, "ஆகவே மேல்முறையீட்டில் தகுதியில்லை" என்று முடிக்கிறார்கள்.

இப்படிப்பட்ட தீர்ப்பு கையில் இருப்பவருக்கு இரண்டு கதவுகள் திறந்திருப்பதுபோல் தோன்றும். ஒன்று, உண்மையில் இது வராமைத் தள்ளுபடியே என்று வாதிட்டு விதி 19-ன் கீழ் அதே நீதிமன்றத்துக்குப் போவது. மற்றொன்று, விதி 17-ன் விளக்கத்தை மீறியதே கணிசமான சட்டப் பிரச்சினை என்று இரண்டாம் மேல்முறையீடு செய்வது. முதலாவது விரைவானது, செலவு குறைந்தது, ஆனால் தீர்ப்பாணை என்ற பெயரில் ஓர் ஆவணம் வரையப்பட்டுவிட்ட பிறகு அந்த நீதிமன்றம் தன் கையால் அதை நீக்கத் தயங்கும். இரண்டாவதற்குக் காலம் 90 நாள், நகல் பெற்ற நாட்களையும் கழிக்கலாம். உயர் நீதிமன்றம் ஏற்றால் வழக்கு மறுவிசாரணைக்குத் திரும்பும். நான் இரண்டாவதையே பரிந்துரைப்பேன். காரணம், முதல் கதவு மூடிக்கொள்வதற்குள் இரண்டாவதற்குரிய 90 நாளும் ஓடிவிடக்கூடும். அதன்பின் அங்கேயும் தாமத மனுவோடு போய் நிற்க நேரும்.

நிபந்தனை உத்தரவால் போன மேல்முறையீட்டுக்கு ஆஜராகாமைக்கான காரணம் சொல்வது பயன்படாது. 148-ஆம் பிரிவின்கீழ்க் காலநீட்டிப்புக் கோரவேண்டும். "தானாகவே தள்ளுபடியாகும்" என்ற வாசகம் நீதிமன்றத்தின் கையையே கட்டிவிடாது, கெடு முடிந்தபிறகும் நீட்டிக்கலாம் என்பது 1961-லேயே உச்ச நீதிமன்றம் தீர்த்த விஷயம். கட்டவேண்டிய பேட்டாவையோ கட்டணத்தையோ மனுவோடு கையில் கொண்டுபோவது, கோரிக்கை உண்மையானது என்பதை எந்த வாக்குமூலத்தையும்விட நன்றாகக் காட்டும். தரப்பினர் இறந்ததால் அற்றுப்போன மேல்முறையீட்டில், வாரிசுகளைச் சேர்க்க 90 நாள், அது தவறினால் அற்றுப்போனதை நீக்க மேலும் 60 நாள், அதற்கும் பிறகு தாமத மனு என்று படிகள் உண்டு. பாகப்பிரிவினை வழக்குகளில் இது மிகவும் கவலைக்குரியது: பத்துப் பங்குதாரர்களில் ஒருவர் இறந்து அவருடைய வாரிசுகள் விடுபட்டாலும், தீர்ப்பாணை பிரிக்க முடியாததாக இருந்தால் முழு மேல்முறையீடும் விழுந்துவிடலாம்.

மறுஆய்வு மனுவும் புதிய வழக்கும் இந்த ஒப்பீட்டில் இடம்பெறத் தகுதியற்றவை. மறுஆய்வு உத்தரவில் உள்ள வெளிப்படைப் பிழைக்கானது, வராமைக்கானதன்று. அதே சொத்துக்கு அதே காரணத்தில் புதிய வழக்குப் போட்டால், நிலைத்துவிட்ட பழைய தீர்ப்பாணை 11-ஆம் பிரிவின்கீழ் முன்தீர்ப்புத் தடையாக வந்து நிற்கும்.

வழி எதுவாயினும், இடைக்காலத்தில் சொத்து கைமாறாமல் காப்பது தனிக் கேள்வி. மேல்முறையீட்டில் பெற்றிருந்த ஸ்டே, அதாவது இடைக்காலத் தடை, தள்ளுபடியோடு விழுந்துவிடுகிறது. தீர்ப்பாணை பெற்றவர் மறுநாளே ஈ.பி., அதாவது நிறைவேற்றுகை மனு, போட்டு, நீதிமன்ற உத்தரவை நிறைவேற்றும் ஊழியரான அமீனாவோடு வந்து நிற்கலாம். அது அவருடைய உரிமை. மீளச் சேர்க்கும் மனு நிலுவையில் இருப்பது மட்டும் அவரைத் தடுக்காது. ஆகவே மீளச் சேர்க்கும் மனுவோடு, நிறைவேற்றத்தை நிறுத்திவைக்கக் கோரும் மனுவையும் 151-ஆம் பிரிவின்கீழ்ச் சேர்த்தே தாக்கல் செய்யவேண்டும். நிறைவேற்று நீதிமன்றத்திலும் கட்டளை 21 விதி 26-ன்படி, மேல்நீதிமன்றத்தில் தடை பெறும்வரை சிறிது அவகாசம் கேட்கலாம். மேல்முறையீடு மீண்டால் பழைய ஸ்டேயும் தானாக உயிர்பெறும் என்று நம்பியிராமல், மீளச் சேர்க்கும் உத்தரவிலேயே அதைத் தெளிவாகச் சொல்லக் கேட்டுப் பெறுவது நல்லது. உடைமை ஒருமுறை போய்விட்டால், மேல்முறையீடு மீண்டதாலேயே அது திரும்பாது. அந்த மேல்முறையீட்டில் வென்று, தீர்ப்பாணை மாற்றப்பட்ட பிறகே 144-ஆம் பிரிவின்கீழ் மீட்புக் கோரமுடியும். உடைமை இன்னும் தன்னிடம் இருக்கிறவர் ஒருநாளும் தாமதிக்கக்கூடாது என்பதற்கு இதைவிட வேறு காரணம் தேவையில்லை.

இனிச் சமரசத்தை எடுத்துக்கொள்வோம். மீட்பதா, சமரசமா என்று இவற்றை எதிரெதிராக வைத்தே பலரும் பேசுகிறார்கள். மேல்முறையீடு தள்ளுபடியாகிக் கிடக்கும்போது பேசப்போனால், பேரம்பேச நம் கையில் எதுவும் இருப்பதில்லை என்பதை எதிர்த்தரப்பும் அறியும். அப்படியே பேசி முடித்தாலும், தீர்ப்பாணைக்கு வெளியே செய்த ஏற்பாட்டைக் கட்டளை 21 விதி 2-ன்படி 30 நாளுக்குள் நிறைவேற்று நீதிமன்றத்தில் பதிவு செய்துகொள்ளாவிட்டால், அந்த நீதிமன்றம் அதைக் கண்டுகொள்ளாது. சொத்தில் உரிமை மாறுமானால் முத்திரைத்தாளும் பத்திரப்பதிவும் வேண்டும். மாறாக, மீளச் சேர்க்கும் மனுவைப் போட்டு, மேல்முறையீடு கோப்புக்கு வந்தபின் கட்டளை 23 விதி 3-ன்படி சமரசத் தீர்ப்பாணை பெற்றால், வழக்குச் சொத்தைப் பொறுத்தவரை அதற்குப் பதிவுச் சட்டத்தின் 17-ஆம் பிரிவு விலக்கு அளிக்கிறது. மக்கள் நீதிமன்றத்தில் முடித்துக்கொண்டால் அந்தத் தீர்வுக்கு எதிராக மேல்முறையீடே இல்லை. கட்டணமும் ஒரு பொருட்டு: தமிழ்நாடு நீதிமன்றக் கட்டணச் சட்டத்தின் 69-ஏ பிரிவு தரும் கட்டணத் திருப்பம், நீதிமன்றத்துக்கு வெளியே தரப்பினர் தாமாகச் செய்துகொண்ட சமரசத்துக்கும் பொருந்தும் என்று, சென்னை உயர் நீதிமன்றத்தின் பதிவுத்துறை எடுத்துச்சென்ற வழக்கில் 2021-ல் உச்ச நீதிமன்றம் தீர்த்தது. வராமையால் விழுந்து கிடக்கும் மேல்முறையீட்டுக்கு இந்த வாய்ப்பு இல்லை. எனவே சமரசத்தை விரும்புகிறவரும் முதலில் மீளச் சேர்க்கும் மனுவைத் தாக்கல் செய்துவிட்டே பேசத் தொடங்கவேண்டும்.

விட்டுவிடுவதும் மதிக்கத்தக்க முடிவாக இருக்கக்கூடும் என்பதைத் தயக்கமின்றிச் சொல்கிறேன். மீட்பது என்பது வெற்றியன்று. தோற்ற இடத்துக்கே திரும்பி வருவது. விசாரணை நீதிமன்றத் தீர்ப்பை எடுத்துவைத்துக்கொண்டு, இதுவரை அந்த வழக்கில் இல்லாத ஒரு வழக்கறிஞரிடம் ஒருமுறை காட்டிக் கேட்கவேண்டும். நீதிமன்றம் நியமித்த ஆணையரின் அறிக்கையும் நில அளவை வரைபடமும் ஒன்றுபோல் எதிராக இருக்கும் எல்லைத் தகராறில், இரண்டடி நிலத்துக்காக மேலும் பல ஆண்டுகளையும், எதிர்த்தரப்புக்குச் செலவுத்தொகையையும் கொடுப்பது குடும்பத்துக்குச் செய்யும் நன்மையாகாது. ஆனால் கீழ்நீதிமன்றம் பதிவு செய்த கிரயப் பத்திரத்தை ஆராயாமல் விட்டிருந்தாலோ, பெண் வாரிசுகளின் பங்கை மறுத்திருந்தாலோ, குடியிருக்கும் ஒரே வீட்டை இழக்கும் நிலை வந்தாலோ, தாமதம் நீண்டிருந்தாலும் முயலாமல் விடுவது தவறு. தீர்ப்பாணை உடைமைக்கானதானால் அதை நிறைவேற்ற எதிர்த்தரப்புக்கு 12 ஆண்டு இருக்கிறது. இப்போது அமைதியாக இருக்கிறார்கள் என்பதை விட்டுக்கொடுத்ததாக எடுத்துக்கொண்டு வாளாவிருந்தவர்கள், பதினோராம் ஆண்டில் அமீனாவைக் கண்டு திகைத்திருக்கிறார்கள்.

தீர்ப்பாணை பெற்றுள்ள எதிர்மேல்முறையீட்டாளருக்கும் தேர்வு உண்டு. அவர் தன் பங்குக்கு, தீர்ப்பாணையில் தனக்குப் பாதகமான பகுதியை எதிர்த்துக் குறுக்கு ஆட்சேபணை தாக்கல் செய்திருந்தால், கட்டளை 41 விதி 22(4)-ன்படி, மூல மேல்முறையீடு வராமையால் விழுந்தாலும் அவருடைய ஆட்சேபணை தனியே விசாரிக்கப்படலாம். அதைக் கைவிட்டுவிட்டதாகக் கருதவேண்டியதில்லை. மீளச் சேர்க்கும் மனுவை எதிர்ப்பதா, நிபந்தனையோடு இசைவதா என்பதே அவருக்கு முக்கியமான கேள்வி. தாமதம் சில நாட்களே என்றால், கடுமையாக எதிர்த்து இரண்டு ஆண்டு அந்த மனுவிலேயே செலவழித்து, பிறகு உயர் நீதிமன்றத்தில் சி.எம்.ஏ.யில் தோற்பதைவிட, கணிசமான செலவுத்தொகையையும், குறித்த தேதிக்குள் வாதத்தை முடிக்கும் நிபந்தனையையும் பெற்றுக்கொண்டு இசைவது அவருடைய நிலத்துக்கு விரைவில் இறுதித் தீர்வு தரும். தாமதம் ஆண்டுக்கணக்கில் இருந்து, இடையில் அவர் உடைமை பெற்று வீடும் கட்டியிருந்தால், அந்த மாற்றங்களை ஆவணங்களோடு எதிருரையில் சொல்லி முழுமையாக எதிர்ப்பதே முறை. காலம் கடந்ததால் தனக்குக் கிடைத்த உறுதியை நம்பிச் செலவழித்தவரின் நிலையும் தாமதத்தை எடைபோடும் நீதிபதியின் தராசில் ஏறவேண்டியதே.